மோட்டார் புரை பல்பு

நெய்யாற்றின்கரை
6 ஜூலை 2025, ஞாயிறு

தம்பி ரெஜிக்கு,

அப்பாவின் அடக்கம் முடிந்த அன்று கல்லறைத் தோட்டத்து வாசலில் நின்று, "இனி உனக்க மொகத்தப் பாத்து ஒரு வார்த்த பேசமாட்டேன்" என்று சொன்னாய். போனிலும் என்னைப் பிளாக் செய்துவிட்டாய். சரி, வாயால் பேச மாட்டேன் என்றுதானே சத்தியம்? கையால் எழுத மாட்டேன் என்று சொல்லவில்லையே. அதனால் இதைப் புஷ்பபாய் அக்காவின் சோற்றுப்பையில் வைத்து அனுப்புகிறேன். காலையில் இங்கே பாதை கூட்டிவிட்டு மாலையில் உன் வீட்டைத் தாண்டித்தானே போகிறாள். படிக்காமல் அடுப்பில் போட்டுவிடாதே. இது சொத்துச் சண்டை இல்லை.

நேற்று காலை குளத்துப் பாதையில், மூன்றாவது வளைவில், ஒரு மரநாய் செத்துக் கிடந்தது. நாய் கடித்த காயம் இல்லை. வண்டி ஏறவும் வழியில்லை, அங்கே சைக்கிள்கூட விடுவதில்லை. வாய் திறந்தபடி பல் தெரியக் கிடந்தது. மூக்கின் மேல் குறுக்காக ஒரு கறுத்த கோடு. பக்கத்தில் குனிந்தபோது முடி பொசுங்கிய வாடை அடித்தது. கோழியைத் தீயில் வாட்டும்போது வருமே, அந்த வாடை.

அந்த வளைவு எங்கே இருக்கிறது என்று உனக்கு நான் சொல்லவேண்டாம். அந்தக் காலத்தில் செங்கல் சூளைக்கு மண் எடுத்த பெரிய குழியின் மேற்குக் கரை. சூளை நின்று, குழியில் தண்ணீர் கட்டி, தானாக மரம் வளர்ந்து, பறவை வந்து சேர்ந்த இடத்தை நகரசபை வேலி போட்டுப் பாதை வெட்டிச் சரணாலயமாக்கியது. அப்பாவின் பாதி நிலமும் அதில் போயிற்று. அப்பா கையெழுத்துப் போட்டார், நானும் சம்மதம் என்றேன், எனக்கு அங்கேயே காவல் வேலையும் கிடைத்தது. உனக்கு என்மேல் உள்ள கோபமெல்லாம் அதுதான். ஆனால் நகரசபையின் எல்லை அந்த வளைவில் உன் மரச்சீனித் தோட்டத்து வேலியோடு முடிகிறது. அங்கே வேலிக்கால் இற்றுப் போய் ஒரு ஆள் நுழையும் அளவுக்குத் திறந்து கிடக்கிறது.

ஒன்று கேட்கிறேன். பன்றிக்கு நீ கரண்ட் கம்பி போட்டிருக்கிறாயா? இல்லை என்றால் இல்லை என்று ஒரு வரி எழுது. நான் நம்புவேன். எனக்குப் பயமாக இருக்கிறது, அவ்வளவுதான்.

சினி


கொல்லயில்
9 ஜூலை

சூளைக்குளம் காட்டின் மகாராணி சினி அவர்களுக்கு,

கடிதம் கிடைத்தது. எழுத்து அப்பாவின் எழுத்து மாதிரியே இருந்ததால் அடுப்பில் போடக் கை வரவில்லை.

ஒரு மரநாய் செத்ததற்கு இவ்வளவு துக்கமா? என் ஒரு வருஷ மரச்சீனிக் கிழங்கு செத்ததே, அதற்கு யார் ஒப்பாரி வைத்தார்கள்? உங்கள் காட்டிலிருந்து பன்றி வருகிறது. ஒன்றிரண்டு இல்லை, தாயும் குட்டியுமாகக் குடும்பத்தோடு வருகிறது. தின்றாலும் பரவாயில்லை. தின்பது கொஞ்சம், கிளறிப் போடுவது மீதி. காலையில் போய்ப் பார்த்தால் டிராக்டர் ஓட்டினது போலக் கிடக்கிறது. பழைய சேலையைக் கட்டிப் பார்த்தேன். பாட்டுப் பெட்டி வைத்துப் பார்த்தேன். பன்றி பாட்டுக் கேட்டுக்கொண்டே தின்றது. துப்பாக்கி லைசென்ஸ் உள்ள ஆளையும் வரவழைத்தோம். அவர் வந்த அன்றைக்குப் பார்த்து ஒன்றும் வரவில்லை. கட்டன்சாயா குடித்துவிட்டுப் போனார், மறுநாள் பன்றி வந்தது.

இந்தக் காடு வருவதற்கு முன்னால் கொல்லயிலில் பன்றியை யாராவது பார்த்ததுண்டா? வேலிக்கு அந்தப் பக்கம் நீங்கள் பலகை வைத்து, "அமைதி காக்கவும், விலங்குகள் வாழுமிடம்" என்று எழுதுவீர்கள். வேலிக்கு இந்தப் பக்கம் மனுஷன் வாழுகிறான் என்று எழுத ஒரு பலகை கிடைக்கவில்லையா?

கம்பி கிம்பி ஒன்றும் இல்லை. உன் வேலையைப் பார்.

ரெஜி


நெய்யாற்றின்கரை
15 ஜூலை

ரெஜி,

பொய் சொல்லாதே. நான் பார்த்துவிட்டேன்.

இன்று காலை அதே வளைவில் ஒரு குறுநரி. பெண் நரி, பால் கொடுக்கிற மடி. முன்கால் இரண்டும் மடங்கி, தலை உன் தோட்டத்துப் பக்கம் நீட்டிக் கிடந்தது. அதன் கழுத்துக்குக் கீழே புல்லோடு புல்லாக ஒரு வெள்ளிக்கோடு மின்னியது. மழைத்துளி கோத்து நின்றதால்தான் கண்ணுக்குத் தெரிந்தது. மழை இல்லையென்றால் நான் காலை வைத்திருப்பேன்.

நான் அப்படியே நின்றுவிட்டேன். பின்னால் போகவும் பயம், அங்கே வேறு கம்பி இருக்குமோ என்று. வந்த தடத்திலேயே கால் வைத்து வைத்துத் திரும்பினேன். வெயில் ஏறி, நீ தோட்டத்துக்குள் வந்து அந்தக் கம்பியைக் கையால் தொட்டு நகர்த்துவதை மூங்கில் மறைவிலிருந்து பார்த்த பிறகுதான் எனக்கு மூச்சு வந்தது. அதன்பிறகு போய் நரியை இழுத்துப் புதைத்தேன். மேற்பார்வையாளர் சுந்தரதாஸ் சார் வந்து, "எந்தா சினீ, கை நெறய மண்ணு?" என்று கேட்டார். செடி வைத்தேன் என்று சொன்னேன். உனக்காகச் சொன்ன முதல் பொய்.

அந்தப் பாதையில் யார் யார் நடக்கிறார்கள் என்று தெரியுமா உனக்கு? கேமராவைத் தூக்கிக்கொண்டு வரும் பையன்கள் மீன்கொத்தியைப் பார்த்தால் கீழே பார்க்கவே மாட்டார்கள். பாலராமபுரத்திலிருந்து ஒரு தறிக்காரர் சர்க்கரை வியாதிக்கு வைத்தியர் சொன்னார் என்று தினமும் செருப்பில்லாமல் நடக்கிறார். ஓமனக்குட்டி டீச்சர் தன் நாய் ரிங்குவோடு வருகிறார். நமக்கு நாலாம் வகுப்பில் பாடம் எடுத்தவர், உன் மூக்கைத் துடைத்துவிட்டவர். ஓணப் பரீட்சை முடிந்ததும் பள்ளிக்கூடப் பிள்ளைகள் ஒரு வண்டி நிறைய வருகிறார்கள். நீலக்கோழிக் கூடு பார்க்க அவர்கள் நிற்கப்போகும் இடம் அந்த மூன்றாவது வளைவுதான்.

கழற்று ரெஜி. இல்லையென்றால் நான் சொல்ல வேண்டிவரும். யாரிடம் சொல்ல வேண்டும் என்று எனக்குத் தெரியும், சொன்னால் உனக்கு என்ன ஆகும் என்றும் தெரியும். அதனால்தான் முதலில் உனக்கு எழுதுகிறேன்.

சினி


கொல்லயில்
18 ஜூலை

அக்கா,

உண்டு. கம்பி உண்டு. போதுமா?

நான் கொலைகாரன் இல்லை. இருட்டின பிறகுதான் போடுவேன், வெளுக்கும் முன்னே அணைப்பேன். உங்கள் வாசல் அதன்பிறகுதானே திறக்கிறது. அந்த நேரத்தில் காட்டுக்குள் மனுஷனுக்கு என்ன வேலை?

உன் பயத்துக்கு ஒரு வழி சொல்லுகிறேன். மோட்டார் வைத்திருக்கும் புரையின் கூரை முனையில் ஒரு குண்டு பல்பு தொங்குகிறது பார், உன் வாசலில் நின்றால் நேராகத் தெரியும். பல்புக்கும் கம்பிக்கும் ஒரே சுவிட்ச். பல்பு எரிந்தால் கம்பியில் கரண்ட் உண்டு. பல்பு எரியவில்லை என்றால் அது வெறும் கம்பி, துணி காயப்போடலாம். இந்தப் பக்கம் கம்பி போடுகிறவர்கள் எல்லாரும் இப்படித்தான் ஒரு பல்பு வைப்பார்கள், பக்கத்துத் தோட்டக்காரனுக்குத் தெரியட்டும் என்று. நீ காலையில் வாசலைத் திறக்கும் முன் ஒரு தடவை திரும்பிப் பார். அவ்வளவுதான்.

கட்டின பெண்டாட்டி சிஜிக்குக்கூடத் தெரியாது. பன்றி வெளிச்சத்துக்குப் பயப்படும், அதற்காகத்தான் பல்பு என்று சொல்லி வைத்திருக்கிறேன். அவளுக்குத் தெரிந்தால் அவள் அம்மாவுக்குத் தெரியும், அவள் அம்மாவுக்குத் தெரிந்தால் பாறசாலைச் சந்தைக்கே தெரியும்.

மரச்சீனி பிடுங்கும்வரை பொறுத்துக்கொள். அதன்பிறகு நானே கழற்றுகிறேன். நீ வாய் திறந்தால் நான் ஜெயிலுக்குப் போவேன். மகள் ஜெபிஷா இப்போதுதான் ஒன்றாம் வகுப்பில் சேர்ந்திருக்கிறாள். நீதான் அவளுக்கு ஞானஸ்நானத் தாய் என்பதை நான் மறக்கவில்லை, சண்டை இருந்தாலும்.

ரெஜி


நெய்யாற்றின்கரை
1 ஆகஸ்ட்

ரெஜி,

நான் சொல்லவில்லை. நீ சொன்னபடி பல்பைப் பார்க்கிறேன். பார்த்துப் பார்த்து எனக்குப் பைத்தியம் பிடிக்காததுதான் பாக்கி.

காலையில் பஸ் இறங்கி நடக்கும்போதே கண் அங்கே போகிறது. எரியவில்லை என்றால் வாசலைத் திறக்கிறேன். திறந்த பிறகும் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். நீ மறந்துபோய்ப் போட்டுவிட்டால்? ஜெபிஷா விளையாட்டுக்குத் தட்டிவிட்டால்? டீச்சர் மூன்றாவது வளைவுக்குப் போய்த் திரும்பும்வரை நான் வாசலை விட்டு அசைவதில்லை. அவர் திரும்பி வந்து, "இன்னைக்கு செந்நாரை ரெண்டு வந்திருக்கு, பாத்தியா?" என்பார். நான் எங்கே நாரையைப் பார்த்தேன்? மோட்டார் புரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

போன வாரம் இரண்டு நாள் வெளுத்த பிறகும் பல்பு எரிந்தது. தூங்கிவிட்டாயா? வாசலில் ஆட்கள் நிற்கிறார்கள். முதல் நாள் சாவி காணவில்லை என்றேன். சாவி என் இடுப்பில் இருந்தது. இரண்டாம் நாள் பூட்டு இறுகிக்கொண்டது என்று சொல்லி, திறக்கிற பூட்டைத் திறக்காதது போல நடித்தேன். டீச்சர் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். "சினீ, உனக்கு வீட்டுல எதாவது பிரச்சன உண்டா? மொகமே சரியில்லயே" என்று கேட்டார். ஒன்றுமில்லை டீச்சர் என்றேன்.

முன்பெல்லாம் அந்தப் பாதையில் நடந்தால் எனக்கு என்னென்ன கேட்கும் தெரியுமா? உடும்பு சருகில் போகும் சத்தம், மரங்கொத்தி தட்டும் சத்தம், குளத்தில் மீன் துள்ளும் சத்தம். இப்போது ஒன்றுமே கேட்பதில்லை. காது முழுக்க ஒரு இரைச்சல். கம்பிக்குள் கரண்ட் ஓடினால் சத்தம் வருமா? வராது என்று தெரியும். ஆனாலும் கேட்கிறது.

பூனை கண்ணை மூடிக்கொண்டால் உலகம் இருண்டுவிடாது என்பார்கள். நாம் இரண்டு பேரும் அந்தப் பூனைகள்தான். சீக்கிரம் மரச்சீனியைப் பிடுங்கித் தொலை.

சினி


நெய்யாற்றின்கரை
11 ஆகஸ்ட்

எலே ரெஜி, என்னலே செய்துவிட்டாய்?

பல்பு எரியவில்லை. நான் பார்த்தேன். ஒன்றுக்கு இரண்டு தடவை பார்த்தேன். மழை தூறிக்கொண்டிருந்ததால் கையைக் கண்ணுக்கு மேல் வைத்துப் பார்த்தேன். எரியவில்லை. அதை நம்பித்தான் வாசலைத் திறந்தேன்.

டீச்சர்தான் முதலில் போனார். இன்று நானும் கூடப் போனேன், ஏன் என்று தெரியவில்லை. அவர் குடையைப் பிடித்துக்கொண்டு மெதுவாக நடந்தார், ரிங்குவின் சங்கிலியை அவிழ்த்துவிட்டிருந்தார். அவிழ்க்கக் கூடாது என்று பலகையில் எழுதியிருக்கிறது. நான்தான் கண்டுகொள்வதில்லை, எட்டு வயதான கிழ நாய் என்ன செய்துவிடும் என்று. வளைவு திரும்பியதும் அது எதையோ மோந்துகொண்டு வேலியின் திறந்த பக்கமாகப் போயிற்று. ஒரு சின்னச் சத்தம். குரைப்பும் இல்லை, அழுகையும் இல்லை, விக்கல் மாதிரி ஒன்று. அவ்வளவுதான். துள்ளி விழுந்து கால் நாலும் விறைத்துக்கொண்டது.

டீச்சர் குடையைப் போட்டுவிட்டு, "ரிங்கூ!" என்று ஓடினார். கையை நீட்டிக்கொண்டு ஓடினார் ரெஜி. ஈர மண், ரப்பர் செருப்புகூட இல்லை, துணிச் செருப்பு. நான் பின்னாலிருந்து அவர் சேலையைப் பிடித்து இழுத்தேன். இரண்டு பேரும் சேற்றில் விழுந்தோம். அவர் திமிறினார். "விடு சினீ, எனக்க பிள்ள அங்க கெடக்குது, விடு!" என்று என் கையில் அடித்தார். நான் அவர் இடுப்பைக் கட்டிப் பிடித்துக்கொண்டு கத்தினேன். என்ன கத்தினேன் தெரியுமா? "போவாதீங்க டீச்சர், அணலி! அணலியாக்கும் கடிச்சது! புல்லுக்குள்ள கெடக்கு!"

கம்பி என்று என் வாயில் வரவில்லை. அந்த நிமிஷத்திலும் உன்னைக் காப்பாற்றப் பாம்பைக் கூப்பிட்டேன்.

காய்ந்த மூங்கில் கழியால் நாயை இழுத்து எடுத்தேன். மூக்கில் அதே கறுத்த கோடு. டீச்சர் பார்க்கும் முன் சேற்றைப் பூசிவிட்டேன். அவர் அதை மடியில் வைத்துக்கொண்டு வீடுவரை ஆட்டோவில் அழுதுகொண்டே போனார். பாம்பைச் சொல்லியே மற்றவர்களை வெளியே அனுப்பி வாசலைப் பூட்டினேன்.

பல்பு எரியவில்லை. நீ சொன்ன அடையாளம் அது. கை நீட்டி ஓடியவர் அவர்தான், வாசலைத் திறந்துவிட்டவள் நான். என்ன நடந்தது என்று எனக்கு இப்போதே தெரிய வேண்டும்.

சினி


கொல்லயில்
12 ஆகஸ்ட்

அக்கா,

கடிதம் படித்தேன். நடந்ததை அப்படியே எழுதுகிறேன்.

முந்தாநாள் இருட்டும்போது சுவிட்சைப் போட்டேன். பல்பு எரிந்தது. அதன்பிறகு பொழியூரில் சிஜியின் சித்தப்பா பையன் கல்யாண வீட்டுக்கு நான் மட்டும் போனேன். திரும்பி வர விடியும் நேரம் ஆகிவிட்டது. கொஞ்சம் குடித்திருந்தேன், மறைக்கவில்லை. அப்படியே திண்டில் விழுந்து தூங்கிவிட்டேன். சுவிட்சை அணைக்கவில்லை.

பல்பு எங்கே போயிற்று என்றுதானே கேட்கிறாய்? சிஜி எடுத்துவிட்டாள். சந்தையிலிருந்து கோழிக்குஞ்சு வாங்கி வந்திருந்தாள். ராத்திரி மழையில் குஞ்செல்லாம் வெடவெடத்து ஒன்றின்மேல் ஒன்று ஏறியதாம். சூட்டுக்குக் குண்டு பல்பு வேண்டும். இப்போது கடையில் குண்டு பல்பு எங்கே கிடைக்கிறது? வெள்ளை பல்புதான், அதில் சூடு கிடையாது. வீட்டில் இருந்த ஒரே குண்டு பல்பு மோட்டார் புரையில் தொங்கியது. "ஒரு ராத்திரி பன்னி தின்னுட்டு போட்டும், குஞ்சு செத்தா வருமா?" என்று நினைத்து, துணியைச் சுற்றிக் கழற்றிக்கொண்டு வந்து குஞ்சுப் பெட்டியில் மாட்டியிருக்கிறாள். கம்பியில் கரண்ட் அப்படியே நின்றது.

அக்கா, அவள் மழையில் போயிருக்கிறாள். மோட்டார் புரைக்கு மரச்சீனி வழியாகத்தான் போகவேண்டும். செருப்பில்லாமல் போயிருக்கிறாள். கம்பி அவள் போன தடத்திலிருந்து ஒரு முழம் தள்ளி ஓடுகிறது. சாயா கொண்டுவந்து தந்துவிட்டுச் சிரித்துக்கொண்டே இதைச் சொன்னாள், "ஒரு குஞ்சுகூட சாகல, பாத்துக்கிடுங்க" என்று. கிளாஸைக் கீழே வைத்தேன். அவளிடம் ஒன்றும் சொல்லவில்லை. எப்படிச் சொல்லுவேன்?

கம்பியைக் கழற்றிச் சுருட்டிப் பாழுங்கிணற்றில் எறிந்துவிட்டேன். அப்பாவின் கல்லறைமேல் சத்தியம். இனிப் போடமாட்டேன். நீ பாம்பு என்று சொன்னது நல்லதாகப் போயிற்று. அப்படியே இருக்கட்டும். எல்லாரும் பாம்பு என்றுதான் நம்புகிறார்கள். ஒரு நாயோடு போயிற்று என்று கர்த்தருக்கு நன்றி சொல்லி விட்டுவிடலாம். டீச்சருக்கு நான் வேறு நல்ல நாய்க்குட்டி வாங்கித் தருகிறேன், உன் கையால் கொடு.

காலில் விழுகிறேன் அக்கா.

ரெஜி


நெய்யாற்றின்கரை
15 ஆகஸ்ட்

மக்கா ரெஜி,

நீ கம்பியைக் கழற்றிவிட்டாய் என்று நம்புகிறேன். உன் சத்தியத்தில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் நான் அவிழ்த்துவிட்ட பொய்யை என்னால் திரும்பப் பிடிக்க முடியவில்லை.

பாம்பென்றால் படையும் நடுங்கும், நம்மூர் நடுங்காதா? மறுநாளே காலை நடைக்காரர்கள் கம்போடு வந்தார்கள். குளக்கரையில் வெயில் காய்ந்துகொண்டிருந்த ஒரு சாரையை நாலு பேர் சேர்ந்து அடித்துக் கொன்றார்கள். நான் "அது சாரை, வெசமில்ல" என்று ஓடினேன். "கடிச்சது இதுதானா இல்லியாண்ணு உனக்குத் தெரியுமா?" என்று ஒருவர் கேட்டார். எனக்குத் தெரியும். ஆனால் நான் வாயை மூடிக்கொண்டு நின்றேன். பாம்பு பிடிக்கிற ஜெயன் கொக்கியோடு வந்து பொந்து பொந்தாகத் தேடினான். ஒன்றும் கிடைக்கவில்லை. இப்போது புதர் எல்லாவற்றையும் வெட்டித் தீ வைக்க வேண்டும் என்று மனு எழுதிக் கையெழுத்து வாங்குகிறார்கள். புதரை வெட்டினால் நீலக்கோழிக் கூடு போகும், உடும்பு போகும், இருக்கிற பன்றியெல்லாம் நேராக உன் தோட்டத்துக்கும் மற்றவர்கள் தோட்டத்துக்கும் வரும். அப்போது என்ன செய்வார்கள்? ஆளுக்கொரு கம்பி போட்டு ஆளுக்கொரு பல்பு தொங்கவிடுவார்கள். எந்தப் பல்பை யார் வீட்டுக் குஞ்சுக்குக் கழற்றினார்கள் என்று நான் எங்கே போய்ப் பார்ப்பேன்?

நேற்று டீச்சர் வீட்டுக்குப் போனேன். முற்றத்து மூலையில் ரிங்குவைப் புதைத்து ஒரு செம்பருத்தி நட்டிருக்கிறார். என்னைக் கட்டிப்பிடித்து, "நீ இழுத்திராட்டா நானும் போயிருப்பேன். எனக்கு ரெண்டாவது உயிரு நீ தந்ததாக்கும்" என்று சொல்லி அழுதார். பாம்புக்குப் பயந்து அன்றிலிருந்து முற்றத்தில் இறங்குவதில்லையாம், குப்பைகூட சன்னல் வழியாகப் போடுகிறார். அவர் என் தலையைத் தடவத் தடவ எனக்கு உடம்பெல்லாம் கூசியது. அந்தக் கையைத்தான் நான் கம்பிக்கு அனுப்பப் பார்த்தேன்.

அங்கேயே அவரிடம் சொல்லிவிட்டேன். எல்லாவற்றையும். அவர் கையை எடுத்துக்கொண்டார். சன்னல் வழியாகச் செம்பருத்தியைப் பார்த்தார். பிறகு, "பிள்ளைங்க வாற நாளுக்கு முன்னால எழுதிக் குடு சினீ" என்றார். "நான் சொல்லமாட்டேன், நீயாக்கும் சொல்லணும்" என்றார். வாசல்வரை வந்து வழியனுப்பவில்லை.

எழுதிக் கொடுத்துவிட்டேன். வனத்துறைக்கு ஒன்று, போலீசுக்கு ஒன்று. உன் பெயர் இருக்கிறது. அதற்குக் கீழே என் பெயரும் இருக்கிறது. கம்பி இருப்பது தெரிந்தும் பல்பைப் பார்த்துப் பார்த்து வாசலைத் திறந்தவள் நான் என்று எழுதியிருக்கிறேன். நரியைப் புதைத்த இடத்தையும் காட்டுவேன். சுந்தரதாஸ் சார் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். வேலை போகும். போகட்டும்.

நாளைக்கு உன் வீட்டுக்கு வருவார்கள். ஓடாதே. கிணற்றில் எறிந்த கம்பியை நீயே எடுத்துக் கொடு. அவர்கள் வருவதற்கு முன் சிஜியிடம் நீயே சொல்லிவிடு, அவள் எந்தத் தடத்தில் நடந்தாள் என்று. அதை அவள் போலீஸ்காரர் வாயால் கேட்கக் கூடாது.

என்னைச் சபிப்பாய். சபி. உன்னைப் பார்க்க நான் ஜெயில் வாசலில் நிற்கலாம், நீ மூஞ்சியைத் திருப்பிக்கொள்ளலாம், அதையெல்லாம் என்னால் தாங்க முடியும். சிஜியையோ ஜெபிஷாவையோ கல்லறைத் தோட்டத்தில் வைத்துவிட்டு நாம் இரண்டு பேரும் அந்த வாசலில் மறுபடியும் நிற்பதை மட்டும் என்னால் தாங்க முடியாது.

உன் அக்கா
சினி


கொல்லயில்
21 செப்டம்பர்

அக்கா,

ஜாமீனில் வந்து பத்து நாளுக்கு மேல் ஆகிறது. உள்ளே இருந்தபோது நீ இரண்டு தடவை வந்தாய், இரண்டு தடவையும் பார்க்க மாட்டேன் என்று சொல்லி அனுப்பினேன். வெளியே வந்தபிறகும் உனக்கு எழுதக் கூடாது என்றுதான் இருந்தேன். இன்று எழுதாமல் இருக்க முடியவில்லை.

சிஜியிடம் நீ சொன்னபடி முன்கூட்டியே சொன்னேன். அவள் கத்தவில்லை. குஞ்சுப் பெட்டியிலிருந்து அந்தப் பல்பைக் கழற்றி என் முன்னால் வைத்தாள். "இத எடுக்கப் போனப்ப எனக்கு வழுக்கிச்சு, மரச்சீனிக் கம்பப் பிடிச்சு நிண்ணேன்" என்று மட்டும் சொன்னாள். அதன்பிறகு நான் உள்ளே போய் வெளியே வரும்வரை அவள் என்னிடம் பேசவில்லை. இப்போதும் தேவைக்கு மட்டும்தான்.

நான் இல்லாதபோது பன்றி வந்து எல்லாவற்றையும் கிளறிவிட்டது. ஒரு மூடு மரச்சீனிகூட மிச்சமில்லை. தோட்டம் வெட்டவெளியாகக் கிடக்கிறது. அதைப் பார்த்துக்கொண்டு இன்று சாயங்காலம் வாசற்படியில் உட்கார்ந்திருந்தேன். அந்தக் குஞ்சுகள் இப்போது வளர்ந்து காலடியில் ஓடுகின்றன. அதில் ஒன்று தோட்டத்துக்குள் ஓடியது. ஜெபிஷா அதன் பின்னால் ஓடினாள். மங்கல் வெளிச்சம், சிரித்துக்கொண்டே, கையை முன்னால் நீட்டிக்கொண்டு, நேராக வேலிப் பக்கம்.

நான் அலறினேன் அக்கா. என் தொண்டையில் அப்படி ஒரு சத்தம் உண்டு என்று எனக்கே தெரியாது. "நில்லு மக்கா! அனங்காத! கால எடுக்காத!" என்று அலறிக்கொண்டு ஓடினேன். பக்கத்து வீட்டு செல்லையன் மாமா வேட்டியைப் பிடித்துக்கொண்டு வெளியே ஓடி வந்தார். பிள்ளை ஒரு காலைத் தூக்கியபடி அப்படியே நின்றாள். பயத்தில் பாவாடையை நனைத்துவிட்டாள்.

கம்பி இல்லை. நானே கழற்றினேன். கிணற்றிலிருந்து நானே எடுத்து போலீஸ்காரர் கையில் கொடுத்தேன். மோட்டார் புரைக்குக் கரண்டே கிடையாது, கரண்ட் ஆபீஸ்காரர்கள் ஃபியூஸைப் பிடுங்கிக்கொண்டு போய்விட்டார்கள். எல்லாம் எனக்குத் தெரியும். ஆனால் அவள் ஓடியபோது எனக்குக் கம்பி தெரிந்தது. மழைத்துளி கோத்த வெள்ளிக்கோடு என்று நீ எழுதியிருந்தாயே, அது அப்படியே தெரிந்தது.

அவளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டேன். "அங்க என்னப்பா உண்டு?" என்று கேட்டாள். ஒன்றுமில்லை என்று சொல்ல வாயெடுத்தேன், வரவில்லை. சொல்லிவிட்டேன். அப்பா அங்கே ஒரு கம்பி போட்டிருந்தேன், தொட்டால் செத்துப்போகும் கம்பி என்று. அவள் கொஞ்சம் யோசித்தாள். "ரிங்கு அதுலயாக்கும் செத்தது?" என்றாள். ஆமாம் என்றேன். "சினி மாமிக்குத் தெரியுமா?" என்றாள். தெரியும், மாமிதான் எல்லாரையும் காப்பாற்றினாள் என்று சொன்னேன்.

உன்னைச் சபித்தேன், நிஜம்தான். உள்ளே இருந்த ஒவ்வொரு நாளும் சபித்தேன். இன்று அந்தப் பிள்ளையின் நெஞ்சு என் நெஞ்சில் படபடவென்று அடித்தபோது நிறுத்திவிட்டேன்.

உன் வேலை போனதற்கு நான் என்ன செய்ய முடியும் என்று தெரியவில்லை. டீச்சர் வீட்டு வாசலில் போய் நின்றேன். திறக்கவில்லை, சன்னலில் நின்று பார்த்தார். மறுபடியும் போவேன். உன் நம்பரைப் பிளாக்கிலிருந்து எடுத்துவிட்டேன். ஆனால் பேசினால் அழுதுவிடுவேன், அதனால் இதையும் புஷ்பபாய் அக்காவிடமே கொடுக்கிறேன்.

அடுத்த சனிக்கிழமை பள்ளிக்கூடப் பிள்ளைகள் சூளைக்குளத்துக்கு வருகிறார்கள் என்று புஷ்பபாய் அக்கா சொன்னாள். அங்கே காவல் வேலையில் இல்லாவிட்டாலும் அன்று நீ வா. ஜெபிஷாவைக் கூட்டிக்கொண்டு நானும் வாறேன். மூன்றாவது வளைவில் கம்பி இல்லை என்று எல்லாரும் பார்த்துச் சொல்லிவிட்டார்கள். இருந்தாலும் பிள்ளைகள் போகும் முன் அந்த வளைவில் முதலில் நான் நடக்கிறேன். செருப்பில்லாமல் நடக்கிறேன். நீ வாசலில் நின்று பார்த்துக்கொள்.

உன் தம்பி
ரெஜி